பண்பாட்டுப் பக்கத்திலிருந்து தயாரிப்பு நிறுவனத்துக்குப் போகலாமா?

கேள்வி கேட்டவர் மும்பையில் ஓர் ஆங்கில நாளிதழின் பண்பாட்டுப் பக்கத்துக்குப் பத்தாண்டுக்கும் மேலாக எழுதி வருகிறார். நாடகம், கண்காட்சி, கச்சேரி, சினிமா எல்லாம் அவர் கையில். அந்தேரியில் இருக்கும் ஒரு தயாரிப்பு நிறுவனம் 'டெவலப்மென்ட்' பிரிவில், அதாவது திரைக்கான கதைகளைத் தேர்ந்தெடுத்துப் படப்பிடிப்பு வரை வளர்க்கும் பிரிவில், வேலை தருவதாகச் சொல்கிறதாம். வயது 37, இது தாமதமா, எழுத்து அங்கே எடுபடுமா என்று கேட்கிறார். வயதை விட்டுவிடுங்கள். டெவலப்மென்ட் அறைகளில் நாற்பதைத் தாண்டி உள்ளே வந்தவர்கள் நிறையப் பேர். நீங்கள் உண்மையில் கேட்பது இரண்டு விஷயம் என்று எனக்குப் படுகிறது: அவர்கள் உங்களிடம் எதற்குப் பணம் தருகிறார்கள்? போய்ப் பார்த்துப் பிடிக்காவிட்டால் பழைய இடத்துக்குத் திரும்ப முடியுமா?

நானும் பத்திரிகையில் இருந்துவிட்டு இந்தப் பக்கம் வந்தவன்தான். பல வருடமாக இந்தி, ஆங்கில வெப் சீரிஸ்களின் டெவலப்மென்ட் வேலையில் இருக்கிறேன். அதனால் நான் சொல்வது மும்பைக்குப் பொருந்தும். சென்னை சினிமாவின் நடைமுறை வேறு, அதை இதில் கலக்கவில்லை. சட்டம் பற்றிச் சொல்வதும் ஒப்பந்தங்களைப் படித்துப் படித்துத் தெரிந்துகொண்டதுதான். கையெழுத்துப் போடும் முன் ஒரு வக்கீலிடம் காட்டிவிடுங்கள்.

இப்படி ஒரு யோசனை வந்ததும் நாம் முதலில் முன்னுதாரணம் தேடுவோம். தமிழர்களுக்கு உடனே நினைவுக்கு வருபவர் எஸ்.எஸ்.வாசன். ஆனந்த விகடனில் அவர் எழுதிய 'சதி லீலாவதி' 1936-ல் படமானது. பிறகு அவரே ஜெமினி ஸ்டூடியோவை நடத்தி 1948-ல் 'சந்திரலேகா'வைக் கொண்டுவந்தார். மும்பையில் கே.ஏ.அப்பாஸ். பாம்பே கிரானிக்கிள் பத்திரிகையில் சினிமா விமர்சனம் எழுதியவர், 1946-ல் 'தர்தி கே லால்' படத்தை இயக்கினார், 1951-ல் 'ஆவாரா'வுக்கு எழுதினார், 1987-ல் இறக்கும் காலம் வரை பத்தி எழுதுவதையும் விடவில்லை. பிலிம்பேர் ஆசிரியராக இருந்த காலித் முகமது 'மம்மோ', 'ஜுபைதா' படங்களை எழுதினார், 'ஃபிஸா'வை இயக்கினார். இல்லஸ்ட்ரேட்டட் வீக்லியின் ஆசிரியராக இருந்த பிரிதீஷ் நந்தி சொந்தமாக நிறுவனமே தொடங்கினார். நம் பக்கம் விகடனிலிருந்து போன ராஜு முருகன் 'குக்கூ', 'ஜோக்கர்' எடுத்தார். பட்டியல் கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் கவனித்துப் பாருங்கள், இவர்களில் ஒருவர் கூட உங்களுக்கு இப்போது வந்திருக்கும் வேலைக்குப் போகவில்லை. வாசனும் நந்தியும் முதலாளிகள். அப்பாஸும் காலித்தும் ராஜு முருகனும் திரையில் தங்கள் பெயர் வரும்படி எழுதியவர்கள், இயக்கியவர்கள். உங்களைக் கூப்பிடுவது வேறொருவர் எழுதுவதைப் படிக்கவும் திருத்தச் சொல்லவும் தள்ளிவிடவும். அந்த வேலையில் நன்றாகப் பேர் எடுத்தவர்களின் பெயர் வெளியே யாருக்கும் தெரியாது. இதில் ஏமாற்று எதுவும் இல்லை, வேலையே அப்படி. ஆனால் வாரம்தோறும் தன் பெயரை அச்சில் பார்த்துப் பழகியவருக்கு முதல் வருடம் இதுதான் அதிகம் உறுத்தும்.

அன்றாட வேலை எப்படி இருக்கும் என்றால், காலையில் மின்னஞ்சலைத் திறந்தால் ஏழெட்டுப் பேர் கான்செப்ட் நோட், அதாவது கதைக் கருவைச் சொல்லும் சிறு குறிப்பு, அனுப்பியிருப்பார்கள். இரண்டு முழு ஸ்கிரிப்ட் இருக்கும், ஏதாவது பதிப்பகம் அனுப்பிய நாவல் சுருக்கம் ஒன்று இருக்கும். ஒவ்வொன்றுக்கும் கவரேஜ் எழுத வேண்டும்: கதை என்ன, யாருக்கானது, எங்கே தொய்கிறது, எடுப்பதா விடுவதா. இரண்டு பக்கத்துக்கு மேல் போனால் மேலே இருப்பவர் படிக்க மாட்டார். மதியம் நரேஷன். ஒருவர் தன் கதையை ஒன்றரை மணி நேரம் வாயால் சொல்வார், நீங்கள் கேட்க வேண்டும்; தயாரிப்பாளர் நடுவில் மூன்று முறை போனை எடுத்துக்கொண்டு வெளியே போய் வருவார், அவருக்கு விட்டுப்போனதை நீங்கள் பின்னால் சொல்ல வேண்டும். மாலையில் ஏற்கெனவே ஒப்பந்தமான எழுத்தாளருடன் நோட்ஸ் கூட்டம், ஸ்கிரிப்டில் என்ன திருத்த வேண்டும் என்று சொல்வது. நான்காவது எபிசோடில் அம்மா பாத்திரம் ஏன் காணாமல் போகிறது என்று கேட்டால் அவர் முகம் சுருங்கும். நீங்கள் சொல்வது சரியாக இருந்தால் மட்டும் போதாது, அவர் வீட்டுக்குப் போய் மறுபடி எழுத உட்காரும்படி சொல்லத் தெரிய வேண்டும். விமர்சனம் எழுதியவர்கள் தடுக்கி விழும் இடம் இதுதான். பத்திரிகையில் நாம் முடிந்த படத்தைத் தீர்ப்புச் சொல்லிப் பழகியவர்கள். இங்கே வேகாத சோற்றைக் கையில் வைத்துக்கொண்டு இன்னும் எவ்வளவு தண்ணீர் வேண்டும் என்று சொல்ல வேண்டியிருக்கிறது.

ஆக, எழுத்து எடுபடுமா என்ற கேள்விக்கு என் பதில்: உங்கள் வாக்கிய அழகு அங்கே யாருக்கும் தேவைப்படாது. தேவைப்படுவது, அந்த வாக்கியங்களை எழுதுவதற்கு முன் நீங்கள் செய்துவந்த வேலை. யாரிடம் கேட்டால் விவரம் கிடைக்கும் என்ற அறிவு, முகம் தெரியாதவரிடம் பேச்சுக் கொடுக்கும் பழக்கம், ஒருவர் சொல்வதை இன்னொருவரிடம் சரிபார்க்கும் சந்தேக புத்தி, குறித்த நேரத்தில் முடித்துத் தரும் ஒழுங்கு. பிருத்வி தியேட்டரில் ஒரு புது நாடகத்தைப் பார்த்துவிட்டு, எழுதியவர் யார் என்று விசாரித்து, அடுத்த வாரமே அவரோடு டீ குடிக்கக் கூடிய ஆள் நீங்கள். சம்பளம் அதற்குத்தான்.

செய்திக் கட்டுரைக்கும் திரைக்கதைக்கும் உள்ள தூரத்தை ஓர் உதாரணத்தில் சொல்கிறேன். தாராவியில் விடியும் முன்பே இட்லி அவித்து, அலுமினிய அடுக்கில் கட்டி, சைக்கிளில் ஹாரன் அடித்துக்கொண்டு ஊர் முழுக்கக் கொண்டுபோய் விற்கும் தமிழர்களைப் பற்றி நீங்கள் எழுதுவதாக வைத்துக்கொள்வோம். கட்டுரையில் ஆவி பறக்கும் சமையலறை இருக்கும், திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து தாத்தா வந்த கதை இருக்கும், மாவு அரைக்கும் கணக்கு இருக்கும், ஒரு பெரியவர் சொன்ன நல்ல மேற்கோளோடு முடியும். வாசகருக்கு நிறைவாக இருக்கும். அதையே கான்செப்ட் நோட்டாகக் கொண்டுபோனால் முதல் கேள்வி, "சரி, இவனுக்கு என்ன வேண்டும்?" என்று வரும். சைக்கிள்காரருக்கு ஒரு தெரு வேண்டும். அந்தத் தெருவில் பத்து வருடமாக விற்பவர் அவருடைய அத்தை மகன். குடும்பம் கடன் வாங்கியிருப்பதும் அவரிடம்தான். இப்போது கதை நகர ஆரம்பிக்கிறது. சமையலறை, தாத்தா, மாவுக் கணக்கு எல்லாம் இருக்கும், ஆனால் பின்னணியாக. நாம் பத்து வருடமாக முன்னால் வைத்ததைப் பின்னால் தள்ளவும், பத்திரிகையில் வதந்தி என்று ஒதுக்கியதை முன்னால் இழுக்கவும் கை பழக வேண்டும். இது கற்றுக்கொள்ளக் கூடியதுதான். நல்ல ஸ்கிரிப்டுகளைப் படமாக்கப்பட்ட வடிவத்தோடு ஒப்பிட்டு வரி வரியாகப் படிப்பது எந்தப் பயிற்சி வகுப்பையும் விட வேகமாகச் சொல்லிக் கொடுக்கும்.

பத்திரிகைக்காரருக்கு மற்றவர்களை விடப் பெரிய முன்னிலை கிடைக்கும் இடம் ஒன்று உண்டு, நிஜச் சம்பவக் கதைகள். 1992-ல் பங்குச் சந்தை மோசடியை வெளிக்கொண்டு வந்த சுசேதா தலால், தேபாஷிஸ் பாசுவுடன் சேர்ந்து எழுதிய புத்தகம்தான் 2020-ல் வெளியான 'ஸ்கேம் 1992' தொடருக்கு அடிப்படை. உசைன் ஜைதியின் குற்றச் செய்திப் புத்தகங்களும் திரைக்குப் போயிருக்கின்றன. அந்தத் தொடரின் வெற்றிக்குப் பிறகு ஒவ்வொரு நிறுவனமும் ஒரு பழைய செய்தியைத் தேடிக்கொண்டிருக்கிறது. தேடிக் கண்டுபிடிப்பது எளிது, அதன் பிறகுதான் சிக்கல். 2021 பிப்ரவரியில் வந்த தகவல் தொழில்நுட்ப விதிகளுக்குப் பிறகு ஓடிடி தளங்கள் மிகவும் எச்சரிக்கையாகிவிட்டன. சட்டப் பிரிவு படித்துச் சரி சொல்லாமல் ஸ்கிரிப்ட் நகராது. அவர்கள் கேட்பது குறிப்புகளோடு கூடிய ஸ்கிரிப்ட். காட்சி 14, காவல் நிலையம், இன்ஸ்பெக்டர் இப்படிச் சொன்னார்: இது எங்கிருந்து வந்தது? நீதிமன்ற ஆவணமா, அன்றைய செய்தித்தாளா, யாரிடமாவது எடுத்த பேட்டியா, எழுத்தாளரின் கற்பனையா? நான் இருந்த அறைகளில் ஓரத்தில் வண்ணம் தீட்டி வைப்போம், ஆவணத்துக்குப் பச்சை, பேட்டிக்கு மஞ்சள், கற்பனைக்குச் சிவப்பு. உயிரோடு இருக்கும் ஒருவரைக் குற்றவாளியாகக் காட்டும் காட்சியில் சிவப்பு மட்டுமே இருந்தால் கூட்டம் அங்கேயே நிற்கும். திரைக்கதை எழுத்தாளர்களுக்கு இது எரிச்சல் தரும் வேலை, உங்களுக்குத் தினசரி வேலை. முதல் ஆறு மாதத்துக்குள் உங்கள் மதிப்பைக் காட்டிக்கொள்ள இதைவிட நல்ல வழி எனக்குத் தெரியவில்லை.

இனி நீங்கள் கேட்காத, ஆனால் நான் மிக முக்கியம் என்று நினைக்கிற விஷயம். இதுவரை நீங்கள் எழுதியவை யாருக்குச் சொந்தம், இனி எழுதப் போவது யாருக்குச் சொந்தம்? 1957-ஆம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டத்தின் 17-ஆம் பிரிவு இதில் பத்திரிகைக்காரர்களைத் தனியாக வைத்துப் பேசுகிறது. பத்திரிகையில் வேலை பார்க்கும்போது அந்தப் பத்திரிகைக்காக எழுதியதை அச்சிடும் உரிமை நிறுவனத்துக்கு. மற்ற உரிமைகள், அதாவது படமாக்கும் உரிமை உட்பட, எழுதியவருக்கு. ஆனால் இது வேறு மாதிரி ஒப்பந்தம் இல்லாதபோது மட்டும்தான். இப்போது வேலைக்குச் சேரும்போது தரும் கடிதங்களில் எல்லா உரிமையும் நிறுவனத்துக்கே என்று ஒரு வரி இருப்பது சகஜம். அதனால் பழைய நியமனக் கடிதத்தை முதலில் தேடி எடுங்கள். தயாரிப்பு நிறுவனத்தில் சம்பளத்துக்குச் சேர்ந்துவிட்டால் கணக்கே தலைகீழ்: வேலையின் பகுதியாக எழுதுவது எல்லாம், ஒப்பந்தத்தில் வேறாக எழுதிக்கொள்ளாவிட்டால், முதலாளிக்கே சொந்தம். ஆகவே மனத்தில் வைத்திருக்கும் கதைகளைச் சேரும் முன்பே எழுத்தாக்கி, திரை எழுத்தாளர்களின் சங்கமான ஸ்கிரீன்ரைட்டர்ஸ் அசோசியேஷனில் உறுப்பினராகிப் பதிவு செய்துவிடுங்கள், ஆன்லைனிலேயே செய்யலாம். அந்தத் தலைப்புகளை 'ஏற்கெனவே என்னுடையவை' என்று ஒப்பந்தத்தின் பின்னிணைப்பில் சேர்க்கச் சொல்லுங்கள். நல்ல நிறுவனம் இதற்கு முகம் சுளிக்காது.

பதிவு செய்தால் எல்லாம் பாதுகாப்பு என்றும் நினைத்துவிட வேண்டாம். வெறும் யோசனைக்குப் பதிப்புரிமை கிடையாது, அதை வெளிப்படுத்திய விதத்துக்குத்தான் என்று உச்ச நீதிமன்றம் 1978-லேயே ஆர்.ஜி.ஆனந்த் வழக்கில் தெளிவாகச் சொல்லிவிட்டது. "தாராவி இட்லிக்காரர்கள் பற்றி ஒரு சீரிஸ்" என்று வாய்விட்டுச் சொன்னால் அது காற்றில் போனதுதான். பாத்திரங்கள், சம்பவ வரிசை, முக்கியக் காட்சிகள் என்று பதினைந்து பக்கம் இருந்தால்தான் பிடித்துக்கொள்ள ஏதாவது இருக்கும். 2012 சட்டத் திருத்தம் திரை எழுத்தாளர்களுக்கு ராயல்டியில் விட்டுக்கொடுக்க முடியாத பங்கு கொடுத்தது என்று கேள்விப்பட்டிருப்பீர்கள். அது எழுத்தாளர் என்ற கணக்கில் வருபவர்களுக்கு. நோட்ஸ் சொல்லிச் சொல்லி ஒரு தொடரை நீங்கள் தூக்கி நிறுத்தியிருந்தாலும் டெவலப்மென்ட் ஆளுக்கு அதில் ஒரு பைசா கிடையாது. உங்கள் யோசனையிலிருந்து ஒரு தொடர் உருவானால் டைட்டிலில் என்ன பெயர் வரும், ஸ்டோரி கிரெடிட்டா, அசோசியேட் புரொடியூசரா, வெறும் நன்றியா என்பதை இப்போதே கேட்டு எழுதி வாங்குங்கள்.

சம்பளத்தைப் பற்றி எண் சொல்ல மாட்டேன், நிறுவனத்துக்கு நிறுவனம் அவ்வளவு வித்தியாசம். ஆனால் நிரந்தர வேலையா, வெளியாளாக மாதத் தொகை வாங்கும் ரீட்டெயினரா என்று கேளுங்கள். ரீட்டெயினர் என்றால் மாதாமாதம் பில் கொடுக்க வேண்டும், 10 விழுக்காடு டிடிஎஸ் (முன்கூட்டியே கழிக்கும் வருமான வரி) பிடிப்பார்கள், பிஎஃப் இல்லை, மெடிக்கல் இன்சூரன்ஸ் இல்லை, ஆண்டு வருமானம் 20 லட்சத்தைத் தாண்டினால் ஜிஎஸ்டி வேறு. கையில் வரும் தொகை பத்திரிகைச் சம்பளத்தை விடப் பெரிதாகத் தெரியும். இவற்றையெல்லாம் கழித்துப் பார்த்தால் சில சமயம் வித்தியாசமே இருக்காது.

இதுவரை சொன்னதில் எனக்குச் சந்தேகம் இல்லை. சந்தேகம் சந்தை பற்றித்தான். 2016-ல் நெட்ஃபிளிக்ஸும் அமேசான் பிரைமும் இங்கே வந்தன, 2018-ல் 'சேக்ரட் கேம்ஸ்' வந்தது, அப்புறம் சில வருடம் தயாரிப்பு அலுவலகங்கள் நிறைந்த ஆராம் நகரில் நடந்து போனால் போதும், யாராவது கூப்பிட்டு வேலை கொடுப்பார்கள் போலத்தான் இருந்தது. பிறகு வாங்குபவர்கள் எண்ணிக்கை குறைந்துவிட்டது. 2024 நவம்பரில் ரிலையன்ஸும் டிஸ்னியும் ஒன்றானதில் இரண்டு கதவு இருந்த இடத்தில் ஒரு கதவு. கதைகள் வருடக்கணக்கில் டெவலப்மென்ட்டிலேயே கிடப்பதும், நீங்கள் இரண்டு வருடம் வளர்த்தது கடைசியில் படப்பிடிப்புக்கே போகாததும் இப்போது சாதாரணம். இது மாறுமா, எப்போது என்பதில் என் கணிப்பும் உங்கள் கணிப்பும் ஒரே மதிப்புதான். அதனால் அந்த நிறுவனத்திடம் ஸ்லேட்டில், அதாவது வளர்த்துக்கொண்டிருக்கும் கதைகளின் பட்டியலில், எத்தனை கதை இருக்கிறது என்று கேட்காதீர்கள். அது எப்போதும் பெரிய எண்ணாகத்தான் இருக்கும். கடந்த மூன்று வருடத்தில் எத்தனை படப்பிடிப்புக்குப் போயின, யார் பணம் போட்டார்கள் என்று கேளுங்கள். உங்களுக்கு முன் அந்த நாற்காலியில் இருந்தவர் ஏன் போனார் என்பதையும் அவரிடமே போன் பண்ணிக் கேளுங்கள். பேட்டி எடுப்பது உங்களுக்குப் புதிதல்லவே.

தமிழ் படிக்கத் தெரியும் என்பதை நீங்கள் கேள்வியில் போகிற போக்கில் சொல்லியிருக்கிறீர்கள். அதைப் போகிற போக்கில் விடாதீர்கள். மும்பை அலுவலகங்களில் தென்னிந்தியக் கதைகள் மீது ஆசை நிறைய, ஆனால் தமிழ் நாவலை மூலத்தில் படித்துக் கருத்துச் சொல்ல ஆள் கிடையாது. யாரோ எழுதிக் கொடுத்த அரைப்பக்கச் சுருக்கத்தை வைத்து முடிவெடுப்பார்கள். ஆபத்தும் உண்டு. 'சவுத்' என்று ஒரு கோப்பை உங்கள் மேசையில் வைத்துவிடுவார்கள், மலையாளக் கதையும் உங்களுக்கே வரும், தமிழ் பாத்திரம் எந்தெந்த இடத்தில் "ஐயோ" சொல்ல வேண்டும் என்றும் உங்களைத்தான் கேட்பார்கள். சிரித்துவிட்டு, பஞ்சாபிக் கதைக்கும் நான்தான் கவரேஜ் எழுதுவேன் என்று முதல் மாதமே சொல்லிவிடுங்கள்.

கடைசியாக, திரும்பும் வழி. முழுதாக மூடிவிடாது, ஆனால் அதே கதவு திறக்காது. தயாரிப்பு நிறுவனத்தில் சம்பளம் வாங்குகிறவர் புதுப் படத்தை விமர்சிக்க முடியாது, சக நிறுவனத்தின் தொடரைப் பற்றியும் எழுத முடியாது. எந்த ஆசிரியரும் இடம் தர மாட்டார், தரவும் கூடாது. திரும்பி வந்தாலும் சில காலம் அந்தச் சந்தேகம் ஒட்டிக்கொண்டிருக்கும். அதே சமயம் சண்முகானந்தா அரங்கில் நடக்கும் கச்சேரியைப் பற்றியோ ஜஹாங்கீர் கேலரி கண்காட்சியைப் பற்றியோ எழுதுவதில் முரண் எதுவும் இல்லை. எழுதும் கை விட்டுப்போகாமல் இருக்க மாதம் ஒன்றாவது எழுதுவது நல்லது. ஆனால் பெரும்பாலான ஒப்பந்தங்களில் வெளியே எதையும் எழுதக் கூடாது என்ற பொத்தாம்பொதுவான வரி ஒன்று இருக்கும். இசை, நாடகம், ஓவியம், புத்தகம் ஆகியவை பற்றி எழுதத் தடையில்லை என்று அதில் ஒரு விலக்குச் சேர்க்கச் சொல்லி மின்னஞ்சல் அனுப்புங்கள். "அதெல்லாம் பிரச்சினை இல்லை, வாங்க பார்த்துக்கலாம்" என்று போனில் சொன்னால் நன்றி சொல்லிவிட்டு, அதையே எழுத்தில் கேளுங்கள். அது வந்த பிறகு பத்திரிகைக்கு ராஜினாமாக் கடிதம் கொடுத்தால் போதும்.